ஜன்னலுக்கு நேரே ஒரு மேடை

சம்பந்தி அவர்களுக்கும் சம்பந்தியம்மாவுக்கும் பணிவான வணக்கம். நானும், உங்கள் மருமகளாகப் போகிற எங்கள் குட்டியும் நலம்.

உங்கள் கடிதம் வந்தது. கோபத்தை எவ்வளவு மரியாதையாக எழுத முடியுமோ அவ்வளவு மரியாதையாக எழுதியிருக்கிறீர்கள். கல்யாண மண்டபங்களுக்கு லைட் போட்டே தலை நரைத்த மனிதர், பக்கத்தில் இல்லாத மண்டபமா என்று போயும் போயும் எட்டாத ஊரில் ஒன்றைப் பிடித்திருக்கிறாரே என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான கேள்வி. ரயிலிலிருந்து இறங்கி பஸ் பிடிக்க வேண்டும், பஸ்ஸிலிருந்து இறங்கி நடக்க வேண்டும். பஸ் டிப்போவில் டைம் கீப்பராக இருக்கிற உங்களிடம் வழி சுலபம் என்று நான் புளுக முடியுமா?

மண்டபத்தின் லட்சணத்தையும் சொல்லிவிடுகிறேன். மின்விசிறி சத்தம் போடும், காற்று வராது. மைக்கில் பேசினால் பேசுகிறவருக்கே புரியாது. ஆனால் தெருப்பக்கச் சுவர் முழுக்க மடக்குக் கதவு. திறந்துவிட்டால் உள்ளே இருக்கிற அத்தனையும் தெருவுக்குத் தெரியும். தெருவுக்கு அந்தப் பக்கம் நெஞ்சுநோய் ஆஸ்பத்திரி. அதன் முதல் மாடியில், பெண்கள் வார்டில், ஜன்னலோரக் கட்டிலில் என் மனைவி இருக்கிறாள்.

சிகிச்சையில் இருக்கிறாள் என்று மட்டும்தான் உங்களிடம் சொல்லியிருந்தேன். அதற்கு மேல் சொல்ல வாய் வரவில்லை. மூக்கில் குழாய் இல்லாமல் அவளால் பாத்ரூம் வரைக்கும் போக முடியாது. படியிறங்கித் தெருவைக் கடக்கக்கூட விடமாட்டேன் என்று பெரிய டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார். அவளால் கல்யாணத்துக்கு வர முடியாது, சம்பந்தி. அதனால் கல்யாணத்தை அவளிடம் கொண்டுபோகிறேன். உங்கள் வீட்டார் அத்தனை பேரையும் அலையவைக்கிறோம் என்று தெரிந்தேதான் செய்கிறேன்.

போன வாரம் சாயங்காலம் ஒரு விளக்கைக் கொண்டுபோய்ப் பார்த்தேன். மேடை போடப்போகிற இடத்தில் மண்டபத்து வாட்ச்மேனை நிறுத்தி, விளக்கைப் போட்டுவிட்டு, மூச்சிரைக்க மாடியேறி ஓடினேன். ஜன்னலில் பார்த்தால் பளிச்சென்று தெரிகிறார். அவளோ, 'மாப்பிள்ளைக்கு வயசு கொஞ்சம் ஜாஸ்தியா இருக்கே' என்றாள். பிறகு, 'வெள்ளை லைட்ல மூஞ்சி பேய் மாதிரி இருக்குங்க, மஞ்சளைப் போடுங்க' என்றாள். இத்தனை வருஷத்தில் என் லைட்டை அவள் ஒருநாள்கூட நன்றாயிருக்கிறது என்று சொன்னதில்லை.

இன்னொன்று. மாப்பிள்ளை அனுப்பிய குடும்பப் படத்தைப் பார்த்துவிட்டு, 'சம்பந்தி என்னங்க இவ்வளவு உயரம்! அவர் முன்னால வந்து நின்னார்னா எனக்கு ஒண்ணும் தெரியாது. கொஞ்சம் ஓரமா நிக்கச் சொல்லுங்க' என்றாள். இதையெல்லாம் சம்பந்திக்கு எழுத முடியுமா என்று அதட்டினேன். எழுதிவிட்டேன், பாருங்கள். தப்பாக நினைக்காதீர்கள்.

மனசு கோணாமல் சரி என்று ஒரு வரி எழுதினால் போதும்.

இப்படிக்கு,
குட்டியின் அப்பா


சம்பந்தி அவர்களுக்கு வணக்கமும், சொல்லத் தெரியாத நன்றியும்.

சரி என்று ஒரு வரி கேட்டேன். நீங்களோ சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் சேர்த்துத் தனி பஸ்ஸே பேசிவிட்டீர்கள். சம்பந்தியம்மா அனுப்பிய சால்வையை இவள் ராத்திரி பகலாகப் போர்த்திக்கொண்டிருக்கிறாள். துவைக்கக் கேட்டாலும் நர்ஸிடம் தரமாட்டேன் என்கிறாள்.

இவ்வளவு செய்தவரிடம் இன்னொன்று கேட்க நாக்குக் கூசுகிறது. நான் ஒரு மடத்தனம் செய்துவிட்டேன். நேற்று காலையில் மண்டபத்துக் கதவுகளை எல்லாம் விரியத் திறந்து வைத்துவிட்டு மாடிக்குப் போனேன். 'கதவைத் திறக்கலையா?' என்று கேட்டாள். எட்டிப் பார்த்தேன். வெளியே வெயில் கொளுத்துகிறது, உள்ளே கும்மிருட்டு. என்னென்னவோ விளக்கு போட்டும் பார்த்தேன். வெயிலோடு எந்த விளக்கு போட்டி போடும்? என் பிழைப்பெல்லாம் பொழுது சாய்ந்த பிறகுதானே. பகல் வெளிச்சம் என்று ஒன்று இருப்பதையே மறந்து, காலை முகூர்த்தத்துக்கு உங்களிடம் தலையாட்டியிருக்கிறேன்.

'இத்தனை வருஷம் லைட் போட்டு என்னத்தைக் கத்துக்கிட்டீங்க?' என்று சிரித்தாள். சிரிப்பு இருமலாகிவிட்டது. நர்ஸ் என்னை வெளியே அனுப்பிவிட்டார். இருமல் அடங்குகிற வரைக்கும் வராந்தாவில் நின்றேன். திரும்பப் போனபோது, 'நான் இருந்தாலும் இல்லாட்டியும் தேதி மாறக்கூடாது' என்றாள். முதலில் வாயைக் கழுவு என்றேன். அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். சரி என்று சொல்லிவிட்டேன்.

கல்யாணத்தைச் சாயங்காலத்துக்கு மாற்றிக்கொள்ளலாமா? உங்கள் ஆட்கள் இரவு தங்க வேண்டிவரும். பாய் தலையணைக்கு நான் பொறுப்பு. மாப்பிள்ளை நேற்று சாயங்காலம் அவளைப் பார்க்க வந்தபோது, அத்தையின் கண்ணுக்குத் தெரிந்தால் நடுராத்திரி என்றாலும் எனக்குச் சம்மதம் என்று சொல்லிவிட்டுப் போனாராம். நல்ல பிள்ளையாக வளர்த்திருக்கிறீர்கள்.

உங்கள் பதிலை வார்டே எதிர்பார்க்கிறது.

இப்படிக்கு,
குட்டியின் அப்பா


சம்பந்தி அவர்களுக்கு,

அவளை வழியனுப்பிய அன்றைக்கு என் கையை விடாமல் பிடித்துக்கொண்டு நின்றீர்கள். அதை மறக்கமாட்டேன். குட்டி இப்போதுதான் ஒரு வாய் சாப்பிடுகிறாள். அம்மா சொன்ன தேதியிலேயே நடக்கட்டும் என்கிறாள்.

உங்கள் கடிதத்தைப் படித்தேன். தேதி அதுவே இருக்கட்டும், இடத்தை மட்டும் உங்கள் ஊருக்கு மாற்றிக்கொள்ளலாம், டிப்போ பக்கத்திலேயே மண்டபம் கிடைக்கிறது, இனி யாருக்காக எல்லோரும் அவ்வளவு தூரம் அலைய வேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். என் சிரமம் குறையட்டும் என்றுதான் எழுதியிருக்கிறீர்கள், தெரியும். எனக்கும் அதுதான் சரி என்று பட்டது. மண்டபத்தை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, அப்படியே ஆஸ்பத்திரியிலிருந்து அவள் சாமான்களை எடுத்துவரலாம் என்று நேற்று கிளம்பினேன்.

முதலில் வார்டுக்குப் போனேன். சால்வையை மடித்து வைத்திருந்தார்கள். அவள் சீப்பும் கண்ணாடியும் ஒரு பையில் இருந்தன. பையை வாங்கிக்கொண்டு திரும்பினால், கோடிக் கட்டிலில் இருக்கிற பெரியம்மா, 'கல்யாணம் உண்டுல்ல தம்பி?' என்று கேட்டார். கல்யாணத்தன்றைக்கு ஜன்னல் வழியாகப் பார்க்க யார் கட்டிலில் உட்காருவது, யார் பின்னால் நிற்பது, யாருக்கு நாற்காலி என்று என் வீட்டுக்காரி எல்லோருக்கும் இடம் பிரித்துக் கொடுத்திருக்கிறாள். அதில் ஒரு தகராறும் வந்து அவளே தீர்த்தும் வைத்தாளாம்.

அவள் கட்டிலில் இப்போது ஒரு சின்னப் பெண் இருக்கிறாள். துணி ஆலையில் வேலை பார்த்தவளாம். பார்க்க யாரும் வருவதில்லை. என்னைப் பார்த்து எழுந்து உட்கார்ந்து, 'உங்க சம்பந்தி ரொம்ப உயரமாமே, பெரியம்மா சொன்னாங்க' என்றாள். பையோடு இறங்கி வந்து தெருவில் நின்று, யார் பார்க்கிறார்கள் என்றுகூட யோசிக்காமல் அழுதேன், சம்பந்தி. மண்டபத்து ஆபீசுக்குள் போகவே இல்லை.

யாருக்காக என்று கேட்டீர்கள். எனக்காகத்தான். அன்றைக்கு மேடையில் நிற்கும்போது என் கண் தானாக அந்த மாடிக்குத்தான் போகும். உங்கள் ஊர் மண்டபத்தில் நான் எந்தப் பக்கம் பார்ப்பேன்? அந்த ஜன்னலில் அவள் முகம் இருக்காது. அவள் இடம் பிரித்துக் கொடுத்த முகங்களாவது இருக்கட்டும்.

உங்கள் பஸ்ஸை இன்னும் வேண்டாம் என்று சொல்லவில்லை என்றால், வந்துவிடுங்கள். நீங்கள் சம்மதித்தபடியே சாயங்காலம்தான், கதவெல்லாம் திறந்திருக்கும். மஞ்சள் விளக்குதான் போடுவேன். குட்டியும் மாப்பிள்ளையும் ஒரு குறையும் இல்லாமல் நீண்ட நாள் வாழட்டும். ஒன்று மட்டும், மேடையில் கொஞ்சம் ஓரமாக நில்லுங்கள், சம்பந்தி. மறைத்துவிடாதீர்கள்.

இப்படிக்கு,
குட்டியின் அப்பா