காவிரிக் கரைக்கு ஒரு சுவெட்டர்

ஸ்பிரிங்வெளி,
ஞாயிறு காலை

யசோதினி அப்பாவுக்கு,

நீங்கள் மீசைக்கு மை அடிக்கப் பதுளைக்குப் போயிருக்கிறீர்கள். வருவதற்குள் எழுதிவிட வேண்டும்.

நாளைக்கு இந்தியாவுக்குப் போகிறீர்கள். காவிரி டெல்டாவை வழிகாட்டியோடு நான்கு நாள் சுற்றிப் பார்க்கப் போகிறீர்கள். நல்ல விஷயம். கல்லணையைப் பார்க்க மீசை கறுப்பாக இருக்க வேண்டுமா என்று நான் கேட்கவில்லை. "நானும் வரவா?" என்றுதான் கேட்டேன். "ஒனக்கு மூட்டு வலி, படகுல ஏற மாட்ட" என்றீர்கள்.

அந்த வழிகாட்டி போனில் சொன்னது எனக்கும் கேட்டது. "இங்க அனலா அடிக்குதுங்கய்யா, பருத்தித் துணி மட்டும் கொண்டாங்க." நீங்களோ பெட்டியின் அடியில் சுவெட்டரை மடித்து வைத்திருக்கிறீர்கள். கேட்டால், "பிளேன்ல குளிருமாம்" என்கிறீர்கள். பிளேனில் போடுவதைப் பெட்டியின் அடியிலா வைப்பார்கள்?

எனக்குத் தெரிந்து அந்தப் பக்கத்தில் சுவெட்டர் போடுகிற ஊர் கோத்தகிரிதான். நம்மூர் போலவே தேயிலை மலை. அந்தக் காலத்தில் இலங்கையை விட்டுக் கப்பலேறிப் போன உங்கள் மாமா குடும்பம் அங்கேதான் இருக்கிறது. சின்ன வயதில் உங்களுக்கென்று பேசி வைத்திருந்த மாமா மகளும் அங்கேதான். அவள் புருஷன் போன வருஷம் செத்துப்போனதாகக் கேள்வி.

இந்தக் கடிதத்தைச் சுவெட்டர் பைக்குள் வைக்கிறேன். சொன்ன இடத்துக்கே போனீர்கள் என்றால் இது உங்கள் கண்ணில் படாது. திரும்பி வந்ததும் நானே எடுத்து அடுப்பில் போட்டுவிடுவேன்.

படித்துக்கொண்டிருக்கிறீர்களா? அப்படியென்றால் அங்கே குளிர்கிறது. பேசிவிட்டு வாருங்கள். சுவெட்டரை மட்டும் அவளுக்குக் கொடுத்துவிடாதீர்கள். அது நான் பின்னியது.

இப்படிக்கு,
வீட்டில் இருக்கிறவள்