அனுசியா கழுவிய தட்டு

ராஜபாளையம்,
ஞாயிறு மாலை.

அன்பு மகள் இர்ஃபானாவுக்கு அத்தாவின் ஸலாம். அல்லாஹ்வின் கிருபையால் இங்கே நாங்கள் சுகம், ஜெர்மனிக் குளிரில் நீயும் சுகமாக இருக்க வேண்டும். அம்மா முழங்கால் வலி இல்லை என்பாள், நம்பாதே. தம்பி ஹாரிஸ் தினமும் கிருஷ்ணன்கோவில் காலேஜ் பஸ்ஸில்தான் போகிறானாம், அதையும் நான் முழுதாக நம்பவில்லை.

மூலக்கூறை அளந்த வரலாறு பற்றித் தமிழ்ப் பத்திரிகைக்கு நீ எழுதி, அச்சுக்கு முன் எனக்கு அனுப்பிய கட்டுரையை இரண்டு முறை படித்தேன். மூலக்கூறின் அளவையும் எண்ணிக்கையையும் முதலில் கணக்கிட்டவர் லோஷ்மிட், ஆனால் அந்த எண்ணுக்கு அதை ஒருநாளும் எண்ணாத அவகாட்ரோவின் பெயர் என்று வருத்தப்பட்டிருக்கிறாய். வீட்டுத் தொட்டித் தண்ணீரில் எண்ணெய்ப் படலத்தை ஆராய்ந்த ஆக்னஸ் பாக்கெல்ஸின் கடிதத்தை ரேலே பிரபு அவர் பெயரிலேயே அச்சேற்ற உதவியதைப் பாராட்டியிருக்கிறாய். அடுத்த பக்கத்தில் உன் சோதனை, தட்டுத் தண்ணீரில் எண்ணெய்ச் சொட்டு விட்டு, அது விரியும் வட்டத்தை வைத்து மூலக்கூறை அளப்பது. இரண்டு நாள் சொட்டு விரியவில்லை, மூன்றாம் நாள் "தவறைக் கண்டுபிடித்தேன்" என்கிறாய். நீயா கண்டுபிடித்தாய்? போன லீவில் நீ படித்த ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பள்ளி ஆய்வகத்தில் நானும்தானே உட்கார்ந்திருந்தேன். ஆய்வக உதவியாளர் அனுசியா உன் கையை முகர்ந்து பார்த்து, ஏட்டி, தலைக்குத் தேங்காயெண்ணெ தேச்ச கையோட தண்ணியத் தொட்டா சொட்டு எங்கிட்டு விரியும் என்று சிரித்தாள். தட்டைச் சோடா உப்புப் போட்டு நாலு தடவை அலசித் தந்தாள். அதன் பிறகுதான் தண்ணீரில் தூவிய முகப்பவுடருக்கு நடுவே வட்டம் விரிந்தது, நீயும் மூலக்கூறின் நீளம் மில்லிமீட்டரில் ஐந்து லட்சத்தில் ஒரு பங்கு என்று கணக்குப் போட்டாய்.

எங்கள் பேண்டேஜ் கம்பெனியில் பஞ்சில் எண்ணெய்ப் பசை பார்க்கும் முறையை நான் எழுதினேன், மேனேஜர் நவநீதகிருஷ்ணன் தன் பெயரைப் போட்டுக்கொண்டான். கேட்டதற்கு, பேர்ல என்ன இருக்கு காதர் பாய், எல்லாம் நம்ம கம்பெனிதானே என்றான். பத்தொன்பது வருடமாக அவன் வீட்டு விசேஷத்துக்கு நான் போனதில்லை. அவன் குணம் என் வீட்டுக்குள்ளும் நுழைந்துவிட்டதோ என்று சந்தேகப்படுகிறேன். அனுசியா பெயருக்கு இடம் போதவில்லை, ஆசிரியர் வெட்டிவிட்டார் என்பாய். நம்ப மாட்டேன்.

காலையில் அனுசியா வீட்டுக்குப் போயிருந்தேன். பாப்பா எம்பேரப் போடாம இருக்காது பாய், புத்தகம் வந்ததும் ஒண்ணு குடுங்க, எங்க வீட்டுக்காரர் சொன்னா நம்ப மாட்டேங்காரு என்றாள். உன் கட்டுரை என் பையில்தான் இருந்தது. வெளியே எடுக்கவில்லை.

இந்தக் கடிதத்தை ஹாரிஸ் போனில் படம் எடுத்து இன்றே அனுப்புவான். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகும் என்றாயே, அதற்குள் மாற்று. மாற்றிவிட்டேன் என்று போனில் சொன்னால் போதாது, பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பு. அல்லாஹ் உனக்கு நீண்ட ஆயுளும் நேர்மையான கையும் தரட்டும். பத்திரிகை வந்ததும் அனுசியா முதலில் தன் பெயரைத்தான் தேடுவாள், நான் பக்கத்தில் நிற்பேன்.

உன் அத்தா,
காதர்.