கரி படிந்த தகரங்கள்

ஹட்டன்,
14.5.1957

என் அன்புக்குரிய மர்சூக் அவர்களுக்கு, றுக்கையாவின் ஸலாம்.

இன்று சுபஹு தொழுததும் முதல் வேலையாக விறகுக் கொட்டிலைத் திறந்தேன். இரவு மழையில் அடுப்படி விறகு நனைந்துவிட்டது. உள்ளே சாக்குகளுக்கு அடியில் கூரைத் தகரங்கள் இருந்தன. ஒரு பக்கம் முழுக்க அடுப்புக் கரி. வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஆணித் துளைகளைத் தவிர ஓர் ஓட்டைகூட இல்லை.

நீங்கள் கொழும்புக்குப் போகுமுன், நம் பக்கத்து வீட்டில் வாடகைக்கு இருக்கும் இராமையா இவற்றைத் தன் கூரையிலிருந்து கழற்றி விற்றுவிட்டான் என்றீர்கள். நம்பினேன். அவன் தையல் கடை வேலைக்குப் போகும்போதெல்லாம் கையில் என்ன கொண்டுபோகிறான் என்று ஜன்னலில் நின்று பார்த்தேன். நமக்குக் கேட்கட்டும் என்றே தங்கள் பிள்ளையை இருமவைக்கிறார்களோ என்றுகூட எண்ணினேன்.

நேற்று அவன் மனைவி நாகலெட்சுமி நம் வாசலில் நின்று சத்தம் போட்டாள். “ஒழுகுதுன்னு சொல்லி மொதலாளிதானுங்க ஆள் அனுப்பிக் கழட்டினாரு. இப்ப நாங்க வித்துட்டோம்ங்கிறாரு. தலைக்கு மேல இருக்கிறத வித்துப்புட்டு எவளாவது குடை பிடிச்சிக்கிட்டுக் கஞ்சி காய்ச்சுவாளா, நீங்களே சொல்லுங்கம்மா” என்றாள். நான் கதவைச் சாத்திவிட்டேன்.

மழை தொடங்கும் மாதத்தில் இந்த ஊரில் யாரும் கூரையில் கை வைப்பதில்லை. வாடகைச் சட்டப்படி அவர்களைச் சும்மா வீட்டைவிட்டு எழுப்ப முடியாது, அவர்களே வீட்டைப் பாழாக்கினால் வழக்குப் போடலாம் என்று வக்கீல் சொன்னதாக நீங்கள்தான் சொன்னீர்கள். வழக்குத்தாளில் கையெழுத்திட வேண்டியவள் நான். கண்டியில் கல்லூரி வரை படித்தவள், படிக்காமல் கையெழுத்திடமாட்டாள் என்று உங்களுக்குத் தெரியும். அதனால்தான் முதலில் என்னை நம்பவைத்தீர்களா?

நீங்கள்தான் செய்தீர்கள் என்று எழுதக் கை வரவில்லை. கொட்டிலுக்கு இரண்டு சாவி. ஒன்று என்னிடம். மற்றது உங்கள் இடுப்புவாரில்.

வாப்பா அந்த வீட்டை என் பெயருக்கு எழுதிவைத்தார். கூரை ஒழுகாமல் பார்ப்பது சொந்தக்காரரின் பொறுப்பு என்றால், அந்தச் சொந்தக்காரி நான். பிள்ளையின் இருமல் இரவெல்லாம் கேட்கிறது. இப்போது அது நடிப்பாகத் தோன்றவில்லை.

ஒரு முடிவு எடுத்திருக்கிறேன். நாகலெட்சுமிக்குக்கூட இன்னும் தெரியாது. மழை விட்டதும் தச்சர் செல்லசாமியை அழைத்து, தகரங்களை இருந்த இடத்திலேயே ஏற்றப்போகிறேன். உங்கள் தாளில் என் கையெழுத்து விழாது. கோர்ட்டில் கேட்டாலும் கொட்டிலில் கண்டதைத்தான் சொல்வேன்.

வீட்டிலுள்ள ஆணி பாதிக் கூரைக்குத்தான் வரும். மீதியைக் கொழும்பில் வாங்கி, நீங்களே அவர்கள் வாசலில் கொண்டுபோய்க் கொடுங்கள். அல்லாஹ் உங்களை நல்லபடியாக என்னிடம் கொண்டுவந்து சேர்க்கட்டும்.

உங்கள்
றுக்கையா