தொட்டியில் விழுந்த குட்டி

அக்கா,

நேற்று தலைச்சோலை பஸ்ஸில் வரும்போது, காப்பித் தோல் புளித்த வாடை ஜன்னல் வழியாக வந்து முகத்தில் அடித்தது. பக்கத்து சீட்டுப் பெண் மூக்கைப் பொத்திக்கொண்டாள். எனக்கோ உங்கள் நினைப்பு வந்தது. நீங்கள் கண்ணை மூடி மூன்று வருஷம் ஆகிறது. இனி என்னை நீங்கள் ஒன்றும் செய்ய முடியாது என்ற தைரியத்தில்தான் எழுதுகிறேன்.

எண்பதுகளில் நாம் இருவரும் எஸ்டேட்டில் காப்பி கழுவும் தொட்டியில் வேலை பார்த்தோம். வரிசையாகக் கட்டிய லைன் வீடுகளில் அடுத்தடுத்த கதவு. தாய் செத்துப்போன நாய்க்குட்டி ஒன்றைக் கண் திறக்கும் முன்பே எடுத்துவந்து, பேனாவுக்கு மை ஊற்றும் பில்லரால் பால் புகட்டி வளர்த்தீர்கள். அது என் கோழிக்குஞ்சுகளை ஒவ்வொன்றாகக் கடித்துப் போட்டது. நான் கத்தினால் சிரிப்பீர்கள்.

"குட்டிதானே கண்ணு, வெளையாடுது."

கடைசிக் குஞ்சும் போன அன்று காலை, ஆளில்லாத நேரம் பார்த்து அதைப் பிடரியில் பிடித்துத் தூக்கித் தொட்டியில் போட்டேன்.

அது மிதப்பதை நீங்கள்தான் பார்த்தீர்கள். தவறி விழுந்துவிட்டது என்றே நினைத்தீர்கள். எடுத்தபோது மூச்சில்லை. பின்னங்கால்களைப் பிடித்துத் தலைகீழாகத் தொங்கவிட்டு, வாயிலிருந்த கொழகொழப்பை முந்தானையால் வழித்து, வாயை மூடி மூக்கில் ஊதினீர்கள். நான்கைந்து முறை ஊதியதும் இருமியது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"மடியில வெச்சு நெஞ்சைத் தேச்சுக்கிட்டே இரு சாமி. சூடா இருந்தாப் பொழச்சுக்கும். கையை மட்டும் எடுத்துறாத. ஊட்டுக்குப் போயி சுடுதண்ணி கொண்டாறேன்" என்று ஓடினீர்கள்.

நான் கையை எடுத்துவிட்டேன். ஈரச் சிமெண்டுத் தரையில் அதைக் கிடத்தி, நடுங்குவதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நடுக்கம் நின்றது. உங்கள் காலடிச் சத்தம் கேட்ட பிறகுதான் எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

சாக்குத் துணி சுற்றிய சுடுதண்ணீர் சீசாவோடு வந்து நின்றீர்கள்.

"தேச்சுக்கிட்டேதானுங்கக்கா இருந்தேன்" என்றேன். எங்கே கண்டுபிடித்துவிடுவீர்களோ என்ற பயத்தில் அழுகை வந்தது.

"அழுவாத கண்ணு. நீ என்ன பண்ணுவ? உன்ற கைச் சூடு பத்தல, அவ்வளவுதான்."

இப்படிச் சொல்லிவிட்டு, விறைத்துக் கிடந்த என் கைகளில் அந்தச் சீசாவை வைத்து, மேலே உங்கள் கைகளையும் வைத்து மூடினீர்கள். குட்டிக்காக நான் இன்றுவரை அழவில்லை அக்கா. அதற்கென்று கொண்டுவந்த சூட்டை மட்டும் கூசாமல் வாங்கிக்கொண்டேன்.