அறையின் சத்தம்

அன்புத் தங்கைக்கு,

அம்மாவைப் பற்றிய படம் முடியப்போகிறது. "அக்கா, உனக்கு அம்மாவும் ஒரு ஷாட்தானா?" என்று கேட்டுவிட்டுப் போன நீ அதற்குப் பிறகு பேசவே இல்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

ஒவ்வொரு பேட்டி முடிந்ததும் எல்லோரும் அசையாமல் உட்கார்ந்து, வெறும் அறையின் சத்தத்தைப் பதிவுசெய்வோம். பேச்சில்லாத காட்சிகளுக்கு அடியில் போட அது வேண்டும். அம்மா சிரிப்பாள். "ஒண்ணுமே இல்லாததையும் பிடிச்சு வைக்கிறியேடி!"

அவள் போன பிறகு நீ வீட்டைப் பூட்டும் காட்சிக்கும் அந்தப் பழைய சத்தத்தையே போட்டிருந்தேன். நேற்று சவுண்ட் இன்ஜினியர் ஹெட்போனைக் கழற்றினார்.

"மேடம், காலி வீட்டுல யாரோ மூச்சு விடுறாங்க. எடுத்துடவா?"

அம்மாதான். அந்த இழுப்பு உனக்குத் தெரியும். நீ வெளியே பூட்டிக்கொண்டிருக்கிறாய், அவள் உள்ளே மூச்சு விட்டுக்கொண்டிருக்கிறாள்.

ஆஸ்பத்திரியில் வென்டிலேட்டரை நிறுத்தலாமா என்று டாக்டர் கேட்டபோது நான் கேமராவுக்குப் பின்னால் நின்றேன். நீதான் தனியாகத் தலையசைத்தாய்.

நேற்று அந்த மூச்சை எடுத்துவிடவா என்று என்னைக் கேட்டார், என் தலை அசையவில்லை. அன்று உனக்கு எப்படி இருந்தது என்று நான் கேட்டதே இல்லை. வாடி, வந்து பக்கத்தில் உட்கார்.

உன் அக்கா