மூவாயிரத்துக்கு இரண்டரை மீட்டர் குறைவு

மார்ச் 11
வெண்கொக்கு முடியிலிருந்து இறங்கிவிட்டோம். நானும் என் நில அளவைப் பிரிவு சகா சோங் பிங்கும் உச்சியில் கருவியை நட்டு இரண்டு நாள் அளந்தோம். 2997.5 மீட்டர். எங்கள் மாவட்டத்தில் பேருந்து முதல் நூடுல்ஸ் பொட்டலம் வரை 3000 என்று அச்சடித்திருக்கிறார்கள்.
அதைவிட வினை: முகட்டுக்கு அந்தப் பக்கம், பக்கத்து மாவட்டத்துக்குள், பேரில்லாத ஒரு பாறை. 3001.2.

மார்ச் 12
சுற்றுலா இயக்குநர் லுவோ தேநீர்க் குவளையின் மூடியைத் திறந்தார், மூடினார். பனி விழுந்தபின் அளக்கலாமா என்றார். பனி கணக்கில் சேராது என்றேன். சிலை வைத்தால்? அதுவும் சேராது.
"ஏம்மா ஷியான், நீ எந்த மாவட்டத்துல சம்பளம் வாங்குற?"

மார்ச் 15
சோங் பிங் அறிக்கையில் மூவாயிரம் என்று கையெழுத்துப் போட்டுவிட்டான். சாப்பாட்டுக் கூடத்தில் என் முகத்தைப் பார்க்கவில்லை.
"பொண்ணு இங்கதான் படிக்குதுக்கா. மலைக்கு என்ன ஆயிடப்போகுது?"

மார்ச் 16
நான் போடவில்லை.

ஏப்ரல் 2
என்னை வரைபடக் கிடங்கில் போட்டிருக்கிறார்கள். இருபது வருஷம் மலை ஏறினவளுக்கு ஒரு ஜன்னல், அதுவும் கழிப்பறைப் பக்கம். மலை குட்டையா இருந்தா நானா பொறுப்பு? நானா வெட்டினேன்?

மே 1
விடுமுறைக் கூட்டம். லுவோ உச்சியில் கல்வெட்டு திறந்தார். பீடம் மட்டும் இரண்டரை மீட்டராம். சிரித்தேன். அப்புறம் அழுகை வந்தது.

செப்டம்பர் 9
லுவோவுக்குப் பதவி உயர்வு. பக்கத்து மாவட்டத்துக்குத் துணைத் தலைவர்.

செப்டம்பர் 20
லுவோ போனில் அழைத்தார். என் முழங்கால் வலியை விசாரித்தார்.
"அந்தப் பாறைக் கணக்கு வச்சிருக்கியாம்மா?"
பிழை என்று நீங்கள்தானே ஒதுக்கச் சொன்னீர்கள் என்றேன்.
"அறிவியலை யாரும் மறைக்கக் கூடாது, ஷியான். உன்னைக் கிடங்குல போட்டது பெரிய அநியாயம்."
அனுப்பினேன். உண்மை யார் கேட்டாலும் உண்மைதானே?

செப்டம்பர் 27
களப்பணிக்கு மாற்றல் வந்தது.

அடுத்த ஆண்டு, மே 6
பாறைக்கு இப்போது பேர் உண்டு: விண்தொடு சிகரம். திறப்பு விழாவுக்கு முன் அளந்து சான்று தர நானும் சோங் பிங்கும் ஏறினோம். ஐந்நூறு பேர் நின்று படம் எடுக்க வசதியாகப் பாறையின் தலையைச் செதுக்கி, தட்டையாக்கி வைத்திருக்கிறார் லுவோ.
மூன்று முறை அளந்தோம். 2998.9.
கீழே கம்பிவட வண்டியில் லுவோ கையசைத்தபடி வந்துகொண்டிருந்தார். எண்ணை எழுதிக் கையெழுத்துப் போட்டேன். சோங் பிங் கொஞ்ச நேரம் பள்ளத்தாக்கையே பார்த்தான்.
பிறகு பேனாவைக் கேட்டு வாங்கினான்.