பின்னட்டையில் என்ன போடுவது

நவம்பர் 12, செவ்வாய்

அவரைக்காய் பறித்துப் போட்டுவிட்டு உட்கார்ந்தேன். அன்பு போனில் அட்டைப்படம் அனுப்பியிருந்தான். தருமபுரியில் பதிப்பகம் வைத்திருக்கிற பையன், என் முதல் நாவலைப் போடுகிறவன். முன்னட்டை பரவாயில்லை. பின்னட்டையைப் பார்த்ததும் உச்சந்தலை வரை பற்றிக்கொண்டு வந்தது. "நடிகை சின்னம்மாளின் கண்ணீர் வாழ்க்கை. நூற்றுக்கு நூறு உண்மைக் கதை."

உடனே கூப்பிட்டேன். "நாவல்னா யாருக்கா வாங்குவாங்க? நடிகையே தன் கதையைச் சொல்றாங்கன்னா பிச்சிக்கிட்டுப் போவும்" என்கிறான்.

என் கதையாம்! நாவலில் வரும் மரகதம் இரண்டு புருஷன்களை விட்டுவிட்டுப் போகிறாள். நான் ஒருத்தனைக்கூட விடவில்லை, அவன்தான் என்னைக் கைக்குழந்தையோடு விட்டுப் போனான். மரகதத்தை நான் நாலு வருஷம் உட்கார்ந்து உண்டாக்கினேன். அவள் சிரிப்பு, பொய், திருட்டுத்தனம் எல்லாம் என் மண்டையில் பிறந்தவை. நாடகக்காரி அழலாம், யோசிக்கக் கூடாதா?

நவம்பர் 13

இன்னும் ஆறவில்லை.

நவம்பர் 17, ஞாயிறு

இன்று குரு. பெற்ற பிள்ளை, தனியார் பள்ளியில் வாத்தியார். மருமகள் ரேவதி குளிக்கப் போன நேரம் பார்த்து அடுப்படிக்கு வந்தான்.

"ம்மா, நடிகைன்னு எங்கயும் போட வேணாம். டெய்லர் கடைக்கு வந்த நாடகக்காரிங்க சொன்னதக் கேட்டு எழுதினேன்னு சொல்லிரு."

டெய்லர் கடை! மூன்று வருஷத்துக்கு முன் பெண் பார்க்கப் போன இடத்தில் அம்மா டெய்லர் என்று இவன் அவிழ்த்துவிட்ட கதை அது. நான் தைத்ததெல்லாம் ராணி வேஷத்து ஜிகினாப் பாவாடை. சேலத்தில் இருபத்தாறு வருஷம் நடித்தவளை இண்டூருக்குக் கொண்டுவந்து, யாருக்கும் தெரியாமல் மூடி வைத்துவிட்டான். நானும் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். பையன் கல்யாணமாச்சே.

"நான் நடிச்ச காசுலதான்டா நீ பி.எட். படிச்ச" என்றேன்.

"தெரியும்மா. மாமனாருக்குத் தெரிய வேணாம்னுதான் சொல்றேன்."

நல்லா இருக்குடா உங்க நியாயம். அன்புக்கு என் மண்டை வேண்டாம், மகனுக்கு என் மேடை வேண்டாம். மிச்சம் இருக்கிற நான் யாரு? குழம்பு அடிப்பிடித்துவிட்டது.

டிசம்பர் 1

அன்பு இறங்கி வந்தான். பின்னட்டையில் பெயர் மட்டும். "உங்க இஷ்டங்க்கா, விக்கலைன்னா என்னைக் கேக்கக் கூடாது." கேட்கமாட்டேன் போடா.

டிசம்பர் 21, சனி

நாளை வெளியீடு. சம்பந்தி பச்சியப்பன் கம்பைநல்லூரிலிருந்து வருகிறார். "ஒரு வார்த்தை சொல்லிராதம்மா" என்று குரு கெஞ்சினான். ரேவதிக்கு ஏழாம் மாதம். அந்தப் பிள்ளையின் முகத்துக்காகச் சரி என்றேன்.

டிசம்பர் 22, ஞாயிறு

எழுதியே ஆக வேண்டும்.

தலைமை தாங்க வந்தவர் ரிட்டயர்டு பேராசிரியர். புத்தகத்தைத் திறந்துகூடப் பார்க்கவில்லை, பார்த்தாலே தெரிந்தது. அன்பு அவர் காதில் என்ன ஓதினானோ, மைக்கைப் பிடித்ததும் "இந்தம்மா ஒரு காலத்துல மேடையைக் கலக்குன நடிகை" என்று ஆரம்பித்துவிட்டார். முன்வரிசையில் சம்பந்தி நிமிர்ந்து உட்கார்ந்தார். அதோடு விட்டாரா? "புத்தகம் கெடக்கட்டும், அம்மா நமக்காக ஒரு பாட்டுப் பாடி, ரெண்டு ஸ்டெப் போடுவாங்க!" கூட்டம் கைதட்டியது. மைக்கை என் கையில் திணித்தார்.

நாலு வருஷம் எழுதினேன்டா பாவி. புத்தகம் கெடக்கட்டுமா?

ராஜா மந்திரி எல்லாரையும் மேடையில் வாயடைக்க வைத்தவளுக்கு ஒரு சொல் வரவில்லை. அப்போது பின்னாலிருந்து ஒரு சத்தம். குரு.

"சார், தாம்பூலம் வெச்சீங்களா?"

அவருக்குப் புரியவில்லை. எங்கள் தொழிலில் தட்டில் வெற்றிலை பாக்கு வைத்துப் பேசி முடிக்காமல் யாரும் நடிக்க வரமாட்டோம்.

"வெத்தல பாக்கு மாத்தாம எங்கம்மா மேடையில வாய் தொறக்க மாட்டாங்க. இருவத்தாறு வருசம் நடிச்சவங்க. ஆட்டம் வேணும்னா ஊர்ல நாடகம் வெச்சி முறையாக் கூப்புடுங்க. இன்னைக்கி எழுத்தாளரா வந்துருக்காங்க. புக்கப் படிச்சிருந்தாப் பேசுங்க, இல்லன்னா எறங்குங்க!"

யாருக்குத் தெரியக்கூடாது என்று மூன்று வருஷம் பொத்தி வைத்தானோ அவர் எதிரிலேயே கத்தினான். என் கோபம் அப்படியே அவனிடம் இருக்கிறது. சம்பந்தி எழுந்தார். ரேவதியின் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனார். அவள் திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

டிசம்பர் 23

குரு பள்ளிக்கூடம் போகவில்லை.

டிசம்பர் 29, ஞாயிறு

சம்பந்தி போன் செய்தார். "டெய்லர்னு சொல்லி ஏமாத்திட்டீங்களே! கூத்தாடி வூட்டுல எம்பொண்ணு புள்ள வளக்கணுமா?"

பொய் சொன்னதற்குத் திட்டுங்க, வாங்கிக்கறேன் என்றேன். கூத்தாடி என்று சொன்னால் மட்டும் மரியாதை கெட்டுவிடும் என்றேன். "இந்தக் கூத்தாடி ஆக்கிப் போட்டதத்தாங்க உங்க பொண்ணு மூணு வருசமாத் திங்கறா." வைத்துவிட்டார். குருவிடம் சொன்னேன். "விடும்மா" என்றான். முகம் சுருங்கிப்போயிற்று. பெண்டாட்டி போனை எடுப்பதில்லையாம்.

ஜனவரி 7, செவ்வாய்

மத்தியானம் வாசலில் ஆட்டோ சத்தம். ரேவதி! தனியாக, இரண்டு பஸ் மாறி, அந்த வயிற்றோடு.

"புத்தி இருக்காடி? பஸ்ஸு குலுக்கி ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆனா யாரு பதில் சொல்றது?" கத்திவிட்டேன்.

அவள் பையைக் கீழே வைத்தாள். "நீங்க கத்தாதீங்கத்தை. கத்த வேண்டியது நானு. எங்கப்பாருக்குச் சொல்லல, சரி. என்கிட்ட ஏன் சொல்லல? ஒரே வூட்டுல மூணு வருசம். புக்கு முழுக்கப் படிச்சிட்டேன். அழுதேன், சிரிச்சேன். எழுதுனவங்க யாருன்னு மட்டும் எனக்குத் தெரியல. அவ்ளோ கேவலமானவளா நானு?"

பையை எடுத்து உள்ளே வைத்தேன்.

குருவுக்குப் போன் போட்டு வரச் சொன்னேன். ராகிக் களி கிண்டி, அவரைக்கொட்டைக் குழம்பு வைத்தேன். இரண்டு உருண்டை சாப்பிட்டாள். இன்னும் என்னோடு பேசவில்லை.